பேங்க் சம்மன் வந்துவிட்டது: சும்மா இருப்பதா, எதிர்த்து நிற்பதா, பேசி முடிப்பதா?

சம்மன் கைக்கு வந்து எத்தனை நாள் ஆகிறது? பேங்க் கடன் விஷயமாக யார் என் வீட்டு வாசலுக்கு வந்தாலும் நான் முதலில் கேட்பது இதைத்தான். எவ்வளவு கடன், யார் வாங்கியது, ஏன் கட்டவில்லை என்பதெல்லாம் அப்புறம். மலேசியாவில், பேராக் மாநிலத்தின் சுங்கை சிப்புட்டைச் சுற்றியுள்ள தோட்டங்களில் 22 வருடம் கிராணி (எழுத்தர்) வேலை பார்த்தவன் நான். ஓய்வு பெற்ற பிறகும் மலாயில் வரும் கடிதங்களைத் தூக்கிக்கொண்டு ஆட்கள் வந்துகொண்டுதான் இருக்கிறார்கள். நான் வழக்கறிஞர் இல்லை. ஆனால் மச்சானுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டு, பேங்க் என் மேலேயே வழக்குப் போட்டு, என் பெயரைப் பிரதிவாதி என்று அச்சடித்த தாளைக் கையில் வாங்கியவன். அந்த இரண்டு வாரத்தில் நான் பட்ட தவிப்பை இன்னொருவர் படக்கூடாது என்பதற்காகத்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

என் கதை சின்னதுதான். என் மனைவியின் தம்பி செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டிக்கொண்டிருந்தான். 2016-ல் தொழிலுக்கு 120,000 வெள்ளி (ரிங்கிட்) கடன் எடுத்தான், பேங்கில் ஜாமீன் கேட்டார்கள், நான் போய்க் கையெழுத்துப் போட்டேன். எத்தனை தாள் என்று கூட எண்ணவில்லை. 2020-ல் கொரோனா நடமாட்டக் கட்டுப்பாடு வந்தது, லோரி நின்றது, அடுத்த வருடம் தவணையும் நின்றது. 2022-ல் எனக்கும் அவனுக்கும் சேர்த்து 86,400 வெள்ளிக்கு சம்மன் வந்தது. லோரியை நான் ஒரு நாள் கூட ஓட்டியதில்லை, ஆனால் சட்டத்தின் கண்ணில் நானும் அவனும் ஒரே கடன்காரர்கள். 1950-ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டம் அப்படித்தான் சொல்கிறது, கடன் வாங்கியவனுக்கு எவ்வளவு பொறுப்போ ஜாமீன்காரனுக்கும் அவ்வளவு பொறுப்பு, ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதியிருந்தாலொழிய.

சம்மன் வந்தவருக்கு முன்னால் உண்மையில் என்னென்ன வழிகள் இருக்கின்றன என்று பார்ப்போம். ஒன்றும் செய்யாமல் இருக்கலாம். ஆஜராகி, விசாரணை இல்லாமல் பேங்க் கேட்கும் அவசரத் தீர்ப்பை எதிர்த்து, வழக்காட அனுமதி கேட்டு நிற்கலாம். ஆஜராகிவிட்டுப் பேசி முடிக்கலாம். கடன் ஆலோசனைக்குப் போகலாம். இவற்றில் முதலாவதைத் தவிர மற்ற எல்லாவற்றுக்கும் ஒரே வாசல்தான், மெமோரண்டம் கெஹாடிரான் என்று சொல்லும் ஆஜர் பத்திரம். சம்மன் கையில் கிடைத்த நாளிலிருந்து 14 நாளுக்குள் அதைக் கோர்ட்டில் பதிய வேண்டும். சனி, ஞாயிறு எல்லாம் அந்தக் கணக்கில் சேரும். ஒரு தாள்தான், அதில் நீங்கள் கடனை ஒப்புக்கொள்வதும் இல்லை, மறுப்பதும் இல்லை, "நான் இருக்கிறேன், என்னைக் கேட்காமல் முடிக்காதீர்கள்" என்று சொல்கிறீர்கள், அவ்வளவுதான். வழக்கறிஞர் இல்லாமலும் போடலாம். 14 நாள் தாண்டிவிட்டாலும், தீர்ப்பு இன்னும் பதிவாகவில்லை என்றால் போடலாம். அதனால் 16-ஆம் நாள் என்று தெரிந்ததும் தலையில் கை வைத்து உட்கார்ந்துவிடாமல் அன்றைக்கே பஸ் ஏறுங்கள்.

இனி, சும்மா இருக்கும் வழி. நம் ஆட்கள் அதிகம் தேர்ந்தெடுப்பது இதைத்தான் என்பதால் இதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். பயத்தில் சும்மா இருக்கிறார்கள், வெட்கத்தில் சும்மா இருக்கிறார்கள், "கட்ட காசு இல்லை, போய் என்ன சொல்வது" என்று சும்மா இருக்கிறார்கள். சிலருக்கு சம்மன் வந்ததே தெரியாது. தோட்டத்தை வீடமைப்புக்காரனுக்கு விற்று லயத்தை இடித்துப் பத்து வருடம் ஆகியிருக்கும், ஐசியில் (அடையாள அட்டையில்) இன்னும் அந்த லயத்து முகவரிதான் இருக்கும். பேங்க் தனக்குத் தெரிந்த கடைசி முகவரிக்குப் பதிவுத் தபாலில் அனுப்பும், கிடைக்கவில்லை என்றால் கோர்ட் அனுமதியோடு வேறு வழியில், கதவில் ஒட்டியோ பத்திரிகையில் போட்டோ, சேர்ப்பித்ததாகக் கணக்குக் காட்டும். கடன் இருக்கிறவர்கள் வீடு மாறினால் பேங்கிற்கு எழுத்தில் தெரிவிப்பது அவ்வளவு முக்கியம்.

ஆஜராகவில்லை என்றால் பெங்ஹாகிமான் இங்கார், அதாவது வராதவர் மேல் கொடுக்கும் தீர்ப்பு. கடன் தொகை இவ்வளவு என்று தெளிவாக இருக்கும் வழக்கில் விசாரணை என்று ஒன்றே நடக்காது, தாள் பதிவாகும், தீர்ப்பு வந்துவிடும். பேங்கின் கணக்கு சரியா தப்பா என்று யாரும் பார்க்கமாட்டார்கள், ஏனென்றால் பார்க்கச் சொல்லிக் கேட்க ஆள் இல்லை. அப்புறம் வட்டி. தீர்ப்புத் தொகைக்குக் கோர்ட் வட்டி வருடத்துக்கு 5 விழுக்காடு. என் 86,400-க்குக் கணக்குப் போட்டால் வருடம் 4,320, மாதம் 360 வெள்ளி, அசலில் ஒரு காசு குறையாமல். ஒப்பந்தத்தில் உள்ள வட்டியையே பேங்க் கேட்டு வாங்கியிருந்தால் இன்னும் அதிகம். அந்தத் தீர்ப்பு 12 வருடம் உயிரோடு இருக்கும்.

தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டு பேங்க் என்ன செய்ய முடியும் என்பதில் நம்மிடையே பாதி உண்மையும் பாதி வதந்தியும் கலந்து கிடக்கிறது. கடனுக்காகப் போலீஸ் வந்து பிடித்துக்கொண்டு போவதில்லை. ஆனால் உங்கள் வருமானம், சொத்து பற்றி விசாரிக்கக் கோர்ட் கூப்பிடும் ஜட்ஜ்மெண்ட் டெட்டர் சம்மனுக்குப் போகாமல் இருந்தால் அது தனிச் சிக்கல், அதை ஒருபோதும் அலட்சியம் செய்யாதீர்கள். கோர்ட் அமீனாவான பெய்லிஃப் வந்து சாமான்களைக் குறித்துக்கொண்டு போகலாம். வேறு பேங்கில் இருக்கும் உங்கள் சேமிப்பை முடக்கி எடுக்கலாம். ஊழியர் சேமநிதியில் இருக்கும் பணத்தைத் தொட முடியாது, 1991-ஆம் ஆண்டு சேமநிதிச் சட்டம் அதைக் காப்பாற்றி வைத்திருக்கிறது. ஆனால் நீங்கள் அதை எடுத்து உங்கள் பேங்க் கணக்கில் போட்டுவிட்டால் அந்தப் பாதுகாப்பை நம்பி இருக்காதீர்கள். திவால் நடவடிக்கைக்குக் கடன் குறைந்தது 100,000 வெள்ளி இருக்க வேண்டும். 2017-ல் அது 50,000 ஆக இருந்தது, 2021 முதல் 100,000 நிரந்தரமாகிவிட்டது. ஜாமீன்காரர்கள் இன்னொன்றும் தெரிந்துகொள்ள வேண்டும். லாபநோக்கம் இல்லாமல் ஒருவரின் படிப்புக்கடனுக்கோ, சொந்த உபயோகத்துக்கான வாகனத் தவணைக்கோ, குடியிருக்கும் வீட்டுக் கடனுக்கோ கையெழுத்துப் போட்டவரைச் சமூக ஜாமீன்தாரர் என்கிறது திவால் சட்டம், அவரைத் திவாலாக்க முடியாது. என்னைப் போலத் தொழில் கடனுக்குக் கையெழுத்துப் போட்டவருக்கு அந்தக் குடை இல்லை. முதலில் கடன் வாங்கியவர் மேல் எல்லா வழியும் பார்த்துவிட்டு, கோர்ட் அனுமதி வாங்கி வர வேண்டும் என்ற தடை மட்டும்தான் இருக்கிறது.

வராமல் விட்ட தீர்ப்பை ரத்துச் செய்ய மனுப் போடலாம். தீர்ப்பு உங்களுக்குக் கிடைத்த நாளிலிருந்து 30 நாள். சம்மன் முறையாகச் சேரவில்லை என்று காட்டினால் உரிமையாகவே ரத்தாகும். முறையாகச் சேர்ந்தும் நீங்கள் போகவில்லை என்றால், உங்களிடம் சொல்லத்தக்க எதிர்வாதம் இருக்கிறது என்று காட்ட வேண்டும், ஏன் வரவில்லை என்றும் விளக்க வேண்டும். யோசித்துப் பாருங்கள், முதல் 14 நாளில் ஒரு தாளோடு முடிந்திருக்க வேண்டியதை இப்போது வழக்கறிஞர் வைத்து, அஃபிடவிட் (சத்தியம் செய்து தரும் எழுத்து வாக்குமூலம்) போட்டு, காசு கட்டிக் கேட்டு வாங்க வேண்டியிருக்கிறது. எனக்குத் தெரிந்த ஒரு பால்வெட்டுத் தொழிலாளி, அண்ணன் என்றுதான் கூப்பிடுவேன், கடிதத்தைச் சாமி மேடைக்குக் கீழே வைத்துவிட்டு ஏழு மாதம் கழித்து என்னிடம் கொண்டுவந்தார். உறையே பிரிக்கவில்லை. அதற்குள் தீர்ப்பும் வந்திருந்தது, அந்த 30 நாளும் போயிருந்தது. அவர் கடனில் பாதியைக் கட்டிய ரசீதுகள் எல்லாம் அவரிடம் இருந்தன.

அடுத்தது எதிர்த்து நிற்பது. இங்கே ஒரு குழப்பத்தை முதலில் தீர்த்துவிட வேண்டும். என் மச்சானுக்கு யாரோ வாட்சாப்பில் ஒரு காணொளி அனுப்பினார்கள், தமிழ்நாட்டு வழக்கறிஞர் ஒருவர் அழகாக விளக்குகிறார், பத்து நாளில் ஆஜராக வேண்டும், அப்புறம் வழக்காட அனுமதி மனுப் போட வேண்டும் என்று. அவர் சொன்னது சரிதான், ஆனால் அது இந்தியாவின் 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 37-ஆவது ஆணை. அங்கே அந்த வகை வழக்கில் சம்மன் கிடைத்த 10 நாளில் ஆஜராக வேண்டும், அதன்பின் வாதி தீர்ப்புக்கான அழைப்பாணை அனுப்புவார், அதிலிருந்து 10 நாளில் பிரதிவாதி தானே அனுமதி மனுப் போட வேண்டும், அனுமதி கிடைக்காமல் எதிர்வாதம் என்ற பேச்சே இல்லை. அதுவும் அங்கே 20 லட்சம் ரூபாயும் அதற்கு மேலும் உள்ள பேங்க் கடன்கள் கடன் வசூல் தீர்ப்பாயத்துக்குப் போய்விடும். நம் நாட்டில் 2012-ஆம் ஆண்டு நீதிமன்ற விதிகள், அதில் 14-ஆவது ஆணை. இங்கே ஆஜராகும் கெடு முடிந்த பிறகு எதிர்வாதம் பதிய இன்னும் 14 நாள் உங்களுக்கு உரிமையாகவே உண்டு, யாரிடமும் அனுமதி கேட்க வேண்டியதில்லை. நீங்கள் ஆஜரான பிறகு பேங்க்தான் மனுப் போடும், "இவரிடம் எதிர்வாதம் எதுவும் இல்லை, விசாரணை வைக்காமல் தீர்ப்புக் கொடுங்கள்" என்று. இதைத்தான் பெங்ஹாகிமான் தெருஸ் என்கிறார்கள். அதற்கு நீங்கள் பதில் அஃபிடவிட் போட வேண்டும், மனு கைக்கு வந்து 14 நாளுக்குள். அதில் நீங்கள் காட்டுவது நீதிபதிக்குத் திருப்தியாக இருந்தால் வழக்காட அனுமதி கொடுப்பார். தனியாக அனுமதி மனு என்று ஒன்று கிடையாது. எதிர்வாதம் பதிவதற்கு முன்பே பேங்கின் மனு வந்துவிட்டால் எதிர்வாதத்துக்கான கெடு நின்றுகொள்ளும், அனுமதி கிடைத்த பிறகு 14 நாள் மறுபடி ஓடும். தமிழில் நல்ல சட்ட விளக்கங்கள் நிறையக் கிடைப்பது சந்தோஷம்தான், எந்த நாட்டுச் சட்டம் என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள்.

அனுமதி கிடைக்க என்ன வேண்டும்? விசாரித்துத் தீர்க்க வேண்டிய ஒரு விஷயமாவது இருக்க வேண்டும். முழு வழக்கையும் நீங்கள் அங்கேயே ஜெயித்துக் காட்ட வேண்டியதில்லை. ஆனால் வாயால் சொன்னால் போதும் என்றும் இல்லை. நம் மத்திய வங்கியான பேங்க் நெகாரா தொடுத்த ஒரு வழக்கில் 1992-ல் நம் அப்போதைய உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. அஃபிடவிட்டில் ஒருவர் மறுத்துவிட்டார் என்பதற்காக மட்டும் நீதிபதி நம்பிவிடக் கூடாது, சொல்வது மழுப்பலாகவோ, அந்தக் காலத்து ஆவணங்களுக்கு முரணாகவோ, நம்பவே முடியாததாகவோ இருந்தால் ஒதுக்கிவிட வேண்டும் என்று. நான் ஈப்போவில் ஒரு சட்ட நிறுவனத்தில் கிளார்க்காக இருக்கும் என் அக்காள் மகளிடம் போய், மச்சான் என்னை ஏமாற்றியது, பேங்க் அதிகாரி அவசரப்படுத்தியது என்று அரைமணி நேரம் கொட்டித் தீர்த்தேன். அவள் எல்லாவற்றையும் கேட்டுவிட்டுச் சொன்னாள்: "மாமா, கோபத்தை அஃபிடவிட்டுல ஒட்ட முடியாது. ரசீது இருந்தா குடுங்க, ஒட்டலாம்."

அந்த ஒரு வார்த்தையை வைத்துத்தான் இன்றுவரை வருகிறவர்களின் தாள்களைப் பிரித்துப் பார்க்கிறேன். படிக்காமல் கையெழுத்துப் போட்டேன், மலாய் சரியாகத் தெரியாது, காசை நான் தொடவில்லை, மச்சானிடம் போய்க் கேளுங்கள் என்பவை எல்லாம் மனிதனுக்கு மனிதன் சொன்னால் நெஞ்சைத் தொடும், கோர்ட்டில் பெரும்பாலும் நிற்காது. கையெழுத்து உங்களுடையதே இல்லை, அதைக் காட்ட வேறு கையெழுத்துகள் இருக்கின்றன என்றால் நிற்கும். தவணை கடைசியாகத் தவறி, கடைசியாக ஏதாவது கட்டி அல்லது கடனை எழுத்தில் ஒப்புக்கொண்டு 6 வருடம் தாண்டிய பிறகுதான் வழக்குப் போட்டிருக்கிறார்கள் என்றால் நிற்கும், ஆனால் நீங்கள் எதிர்வாதத்தில் சொன்னால்தான், நீதிபதி தானாக எடுத்துக்கொள்ள மாட்டார். இதனால்தான் பழைய கடனுக்கு வசூல்காரன் "ஒரு 50 வெள்ளியாவது போடுங்கள்" என்று கெஞ்சினால் யோசித்துப் போடுங்கள், அந்த 50 வெள்ளி 6 வருடக் கணக்கைப் புதிதாகத் தொடங்கி வைத்துவிடலாம். ஜாமீன்காரருக்கு முறைப்படி கேட்புக் கடிதமே அனுப்பவில்லை என்பதும், உங்களுக்குச் சொல்லாமல் கடன் நிபந்தனைகளை மாற்றிவிட்டார்கள் என்பதும் நல்ல வாதங்கள். ஆனால் அவசரப்படாமல் ஜாமீன் பத்திரத்தை எடுத்துப் பாருங்கள், "மாற்றினாலும் ஜாமீன் தொடரும்" என்று ஒரு வரி அதில் இருக்கும், பெரும்பாலான பேங்க் பத்திரங்களில் அந்த வரி உண்டு.

தொகையில் தகராறு இருப்பவர்கள், நானும் அந்த வகைதான், இரண்டு விஷயத்தை மனதில் வைக்க வேண்டும். பேங்க் அதிகாரி கையெழுத்திட்ட கடன் சான்றிதழ் ஒன்றைக் கோர்ட்டில் வைப்பார்கள், ஒப்பந்தத்தில் அதை ஏற்றுக்கொள்வதாக நீங்கள் ஏற்கெனவே கையெழுத்துப் போட்டிருப்பீர்கள், அதனால் அதில் வெளிப்படையான பிழை இருக்கிறது என்று காட்டும் சுமை உங்கள் தலைக்கு வந்துவிடும். இன்னொன்று, 86,400-இல் 6,000 தப்பு என்று நீங்கள் காட்டினால் மொத்த வழக்கும் விழுந்துவிடாது. மீதி 80,400-க்கு அங்கேயே தீர்ப்புக் கொடுத்துவிட்டு அந்த 6,000-க்கு மட்டும் வழக்காட விடலாம், விதியே அப்படி இடம் கொடுக்கிறது. என்னிடம் பேங்க் மெஷினில் போட்ட மூன்று ரசீது இருந்தது, மொத்தம் 4,800 வெள்ளி, கணக்கில் ஏறவே இல்லை. 2020 ஏப்ரல் முதல் செப்டம்பர் வரை எல்லோருக்கும் தவணை ஒத்திவைப்பு இருந்ததே, அந்த மாதங்களுக்கும் தாமதக் கட்டணம் போட்டிருந்தார்கள், அது ஒரு 1,100 வெள்ளி. இரண்டும் சேர்த்து 5,900. கோபத்துக்கு இது பெரிய விருந்து, வழக்கை முழுதாகத் தடுக்க இது போதாது என்பதை ஒத்துக்கொள்ள எனக்கு இரண்டு நாள் பிடித்தது.

அப்புறம் நிபந்தனையோடு வரும் அனுமதி. உங்கள் வாதத்தில் நீதிபதிக்குப் பாதி நம்பிக்கைதான் என்றால், இவ்வளவு பணத்தைக் கோர்ட்டில் கட்டு, கட்டினால் வழக்காடலாம் என்று சொல்ல முடியும். கட்ட முடியாதவருக்கு அது தோல்விக்குச் சமம்தான். அதனால் அஃபிடவிட் போடும்போதே உங்கள் நிலைமையையும், சம்பளம் எவ்வளவு, பிள்ளைகள் எத்தனை பேர் என்பதையும் ஆவணத்தோடு சொல்லி வைப்பது புத்திசாலித்தனம். அஃபிடவிட் மலாயில் இருக்க வேண்டும், பெசுருஹ்ஜாயா சும்பா என்னும் சத்தியப்பிரமாண ஆணையர் முன் சத்தியம் செய்ய வேண்டும், மொழி புரியவில்லை என்றால் மொழிபெயர்த்துச் சொல்லக் கேளுங்கள், புரியாத தாளில் மறுபடியும் கையெழுத்துப் போடாதீர்கள். கீழ்க்கோர்ட்டில் தோற்றால் உயர் நீதிமன்றத்துக்கு மேல்முறையீடு போக 14 நாள்.

வாகனத் தவணை வழக்கு என்றால் கதை கொஞ்சம் மாறும், பல நேரம் உங்கள் பக்கம் பலமாகவும் மாறும். காரை இழுத்துக்கொண்டு போய் ஏலம் விட்டுவிட்டு, பற்றாக்குறைக்கு வழக்குப் போடுவார்கள். 1967-ஆம் ஆண்டு தவணைக் கொள்முதல் சட்டத்தின்படி, தொடர்ந்து இரண்டு தவணை தவறினால்தான் இழுக்க முடியும், அதற்கு முன் 21 நாள் நோட்டீஸ் கொடுத்திருக்க வேண்டும், 75 விழுக்காட்டுக்கு மேல் கட்டியிருந்தால் கோர்ட் ஆணை இல்லாமல் தொடவே கூடாது. இதில் ஏதாவது ஒன்றைத் தாண்டி வந்திருந்தால் உங்களுக்கு உண்மையான எதிர்வாதம் இருக்கிறது, கட்டாயம் எதிர்த்து நில்லுங்கள். வீட்டுக் கடனுக்கு ஏல ஆணை கேட்பது வேறு வழக்கு, வேறு விதி, இங்கே சொன்னதை அதற்குப் பொருத்தாதீர்கள்.

பேசி முடிப்பது என்பதை நம் ஆட்கள் தோல்வி என்று நினைக்கிறார்கள். கையில் ஒன்றும் இல்லாமல் போய்ப் பேசினால் அது கெஞ்சல், நானும் மறுக்கவில்லை. ஆஜர் பத்திரம் பதிந்து, கணக்குப் பிழைகளுக்கு ரசீது ஒட்டிய அஃபிடவிட் தயாராக இருக்கும்போது பேசினால் பேங்க் வழக்கறிஞரும் வேறு மாதிரி பேசுகிறார், இதை நான் நேரில் பார்த்தேன். பேசும் கடிதம் ஒவ்வொன்றின் தலையிலும் "தன்பா பிரெஜூடிஸ்" என்று எழுதுங்கள், சமரசத்துக்காகச் சொன்னதைப் பிறகு உங்களுக்கு எதிராக எடுத்துக்காட்டக் கூடாது என்பதற்காக. கோர்ட்டில் நீதிபதியோ பதிவாளரோ நடத்தும் சமரசப் பேச்சும் உண்டு, அதற்குக் கட்டணம் இல்லை, கேட்டால் ஏற்பாடு செய்வார்கள்.

ஒத்துக்கொண்ட பிறகு அதை எந்த வடிவத்தில் எழுதுகிறீர்கள் என்பதில்தான் எல்லாமே இருக்கிறது. பேங்க் பொதுவாகக் கேட்பது இரு தரப்பும் சம்மதித்த தீர்ப்பு. அதில் கையெழுத்துப் போட்டால் முழுத் தொகைக்கும் உங்கள் மேல் தீர்ப்பு வந்துவிட்டது என்று அர்த்தம், தவணை கட்டும் வரை அமல்படுத்தாமல் இருப்பார்கள், ஒரு மாதம் தவறினால் மீதி முழுவதையும் ஒரே நாளில் கட்டச் சொல்வார்கள், சம்மதித்துக் கொடுத்ததை ஏமாற்று, பிழை போன்ற காரணம் இல்லாமல் உடைக்கவும் முடியாது. இன்னொரு வடிவம், ஒப்பந்தம் எழுதிக்கொண்டு, மறுபடி வழக்குப் போடும் உரிமையோடு பேங்க் வழக்கைத் திரும்பப் பெறுவது. அதில் உங்கள் மேல் தீர்ப்பு எதுவும் இருக்காது, தவறினால் அவர்கள் மறுபடி முதலிலிருந்து வர வேண்டும். பேங்க் இதற்கு லேசில் சம்மதிக்காது. ஆனாலும் கேளுங்கள். நாங்கள் கேட்டோம், முதல் மூன்று மாதத் தவணையை முன்கூட்டியே கட்டுகிறோம் என்று சொன்னோம், சம்மதித்தார்கள். முடிவில் 72,000 வெள்ளி, மாதம் 1,000, ஆறு வருடம். சம்மதத் தீர்ப்புதான் வேண்டும் என்று பேங்க் பிடிவாதமாக நின்றால், தவறிய தவணைக்கு 14 நாளாவது அவகாசம் என்று ஒரு வரி சேர்க்காமல் கையெழுத்துப் போடாதீர்கள்.

பேங்க் நெகாரா 2006-ல் அமைத்த கடன் ஆலோசனை நிறுவனமான ஏகேபிகே பற்றி எல்லோரும் கேட்கிறார்கள். இலவசம், நேர்மையான இடம், பல பேங்க் கடனை ஒரே மாதத் தவணையாகக் கட்டித் தருவார்கள். வழக்கு வருவதற்கு முன், இரண்டு மூன்று தவணை தடுமாறும் போதே போனால் இதைவிட நல்ல வழி இல்லை. வழக்கு முற்றிய பிறகு போனால் அவர்களாலும் அதிகம் செய்ய முடியாது, மாதம் ஏதாவது கட்டும் அளவுக்கு வருமானமும் இருக்க வேண்டும். ஏகேபிகேயில் பதிந்துவிட்டேன் என்பதற்காக 14 நாள் கெடு நின்றுவிடாது, இரண்டையும் ஒன்றாகச் செய்யுங்கள். பேங்க் மேலான புகார்களைக் கேட்கும் நிதிச் சந்தை ஒம்புட்ஸ்மன் சேவைக்கும் போகலாம், ஆனால் கோர்ட்டுக்குப் போய்விட்ட விவகாரத்தை அங்கே எடுக்கமாட்டார்கள்.

இப்போது என் முடிவைச் சொல்கிறேன். கையில் ஆவணம் இருக்கிறது, அது கடனையே இல்லை என்று ஆக்கும் ஆவணம், கையெழுத்து மோசடி, காலக்கெடு, நோட்டீஸ் இல்லாமல் இழுத்த கார், இப்படி ஏதாவது என்றால் கடைசிவரை எதிர்த்து நில்லுங்கள், வழக்கறிஞர் கட்டணம் அதற்குத் தகும். எனக்குச் சொன்ன கட்டணம் 4,500 வெள்ளி, விசாரணைக்குப் போனால் இன்னும் அதிகம். வசதி குறைந்தவர்கள் ஈப்போவில் பேராக் வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையத்தில் கேட்டுப் பாருங்கள். ஆவணம் தொகையைக் கொஞ்சம் குறைக்கும், கடனை அழிக்காது என்றால், அஃபிடவிட்டைத் தயார் செய்துகொண்டு பேசுங்கள், பேச்சு முறியும் நாளில் அதைப் பதியலாம், ஆனால் பேசிக்கொண்டே பதில் கெடுவைத் தவறவிடாதீர்கள், "பேச்சு நடக்கிறது" என்று பேங்க் வழக்கறிஞர் வாயால் சொன்னது கெடுவை நிறுத்தாது. ஆவணமே இல்லை, கடன் உண்மை, வருமானமும் இல்லை என்றாலும் ஆஜராகுங்கள். கட்ட முடிந்தது இவ்வளவுதான் என்பதை நீங்களே போய்ச் சொல்லும் ஒரே இடம் அதுதான்.

ஜாமீன்காரர்களுக்கு இன்னும் ஒன்று. நீங்கள் கட்டும் ஒவ்வொரு வெள்ளியையும் கடன் வாங்கியவரிடம் திரும்பக் கேட்கும் உரிமை உங்களுக்கு ஒப்பந்தச் சட்டத்திலேயே இருக்கிறது, பேங்க் பிடித்து வைத்திருந்த அடமானம் ஏதாவது இருந்தால் அதன் மேலும் உங்களுக்கு உரிமை வரும். சொந்தக்காரனாயிற்றே என்று விட்டுவிடாமல் ரசீது எல்லாவற்றையும் வைத்திருங்கள், எழுத்தில் ஒரு வரி வாங்கி வையுங்கள். நான் என் மனைவி முன்னிலையில்தான் கேட்டேன், அவளுக்கு அது கஷ்டமாகத்தான் இருந்தது. மச்சான் எழுதிக் கொடுத்தான். இப்போது சுங்கை சிப்புட்டில் வேறொருவர் லோரியில் டிரைவராக இருக்கிறான், ஒவ்வொரு மாதமும் 5-ஆம் தேதிக்குள் 600 வெள்ளி கொண்டுவந்து கொடுக்கிறான், நான் 400 போட்டுக் கட்டுகிறேன். கட்டிய ரசீதில் அவனுக்கு ஒரு நகல், எனக்கு ஒன்று, அக்காள் மகளின் ஃபைலில் ஒன்று.